கொக்குமடுத்துறையில் தொங்கிய தபால்

ஹலீம் கடை,
ஓட்டமாவடி.
10.09.1957

மதிப்புக்குரிய நோபேட் ஐயா அவர்களுக்கு,

என்னை உங்களுக்குத் தெரியாது. என் பெயர் வல்லிபுரம். சொந்த ஊர் பெரியகல்லாறு. எட்டு வருடமாகத் தபால் வான் ஓட்டுகிறேன். மனைவி அன்னப்பூரணி ஊரில் இருக்கிறா. நான் இங்கே ஹலீம் காக்காவின் கடைக்குப் பின்னால் ஓர் அறையில் தங்கி, வாகரைப் பக்கம் போகிற தபாலைக் கொண்டுபோய்க் கொடுத்து, அங்கே சேர்ந்த தபாலை எடுத்துக்கொண்டு பின்னேரம் திரும்புகிறேன்.

நீங்கள் ஞாயிற்றுக்கிழமைப் பத்திரிகையில் பழைய தபால் வீதியைப் பற்றி எழுதி வருகிறீர்கள். அது நான் ஒவ்வொரு நாளும் போய் வருகிற றோட்டு என்றபடியால் விடாமல் வாசிக்கிறேன். போன கிழமை வந்ததை எங்கள் தபால் கந்தோரில் சாப்பாட்டு நேரத்தில் ஒருவர் உரத்து வாசித்தார். தபாலோட்டக்காரன் ஒருவன் கொக்குமடுத் துறையில் தண்ணீரைக் கண்டு பயந்து, தபால் பையை மருத மரத்தில் தொங்கவிட்டு வீட்டுக்கு ஓடிவிட்டானாம். ஒன்பது நாளாகத் துரைமாரின் கடிதங்களைக் குரங்குகள் வாசித்துக்கொண்டிருந்தனவாம். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். பெயரை வாசிக்கும் வரைக்கும்.

பெரியகல்லாறு கதிர்காமத்தம்பி என் அம்மம்மாவைப் பெற்றவர். என் பூட்டன்.

எங்கள் ஊர்க்காரன் ஒருவன் அதே கந்தோரில் முத்திரை விற்கிறான். அவன் வாய் சும்மா இருக்கவில்லை. அன்றிலிருந்து எனக்குத் "தொங்கல்" என்று பெயர். "தொங்கல் வந்திட்டுது, பையைக் கட்டுங்க" என்கிறார்கள். ஒரு பகிடி என்று முதல் இரண்டு நாள் விட்டேன். இப்போது விட முடியவில்லை.

இதையெல்லாம் புத்தகமாகப் போடப் போவதாக எழுதியிருந்தீர்கள். அந்தப் பெயரை மட்டும் எடுத்துவிடுங்கள் ஐயா. கதை கிடக்கட்டும். பெயர் வேண்டாம்.

இப்படிக்கு,
க. வல்லிபுரம்


புளியந்தீவு,
மட்டக்களப்பு.
17.09.1957

அன்புள்ள தம்பி வல்லிபுரம் அறிவது,

உமது கடிதம் கிடைத்தது. அந்தக் கட்டுரைக்கு எட்டுக் கடிதங்கள் வந்தன. ஏழு பாராட்டு. முறைப்பாடு உம்முடையது ஒன்றுதான்.

நான் அரசாங்கக் கச்சேரியில் முப்பத்தொரு வருடம் எழுதுவினைஞனாக இருந்தவன். அதில் பதினான்கு வருடம் பழைய ஏடுகள் வைத்திருக்கும் அறைக்குப் பொறுப்பாக இருந்தேன். ஓய்வு பெற்றபின் நான் செய்ய நினைத்த ஒரே வேலை இந்த வீதியின் சரித்திரத்தை எழுதுவது. நீர் அதில் ஒவ்வொரு நாளும் போய் வருவதாக எழுதியிருந்தீர். அதைக் கொஞ்சம் பொறாமையோடுதான் வாசித்தேன்.

அந்த வீதி கடிதங்களுக்காக வெட்டப்பட்டதல்ல. வாடைக்காற்றுக் காலத்தில் கப்பல் வராது. அந்த நாளில் திருகோணமலைக் கோட்டையிலிருந்து நம்முடைய கோட்டைக்குப் பட்டாளமும் பீரங்கியும் நிலத்தால் வரவேண்டும் என்று வெட்டினார்கள். வருடத்தில் ஆறு நாள் ஒவ்வோர் ஆண்பிள்ளையும் வீதியில் உடலால் உழைக்க வேண்டும் என்று சட்டம் இருந்தது. காடு வெட்டப் போய்க் காய்ச்சலில் விழுந்தவர்கள் எத்தனை பேர் என்று நான் பார்த்த எந்த ஏட்டிலும் இல்லை. பீரங்கி இழுத்துச் செத்த மாடுகளின் தொகை இருக்கிறது. பட்டாளம் குறைந்தபின் அது தபாலின் வீதியாயிற்று. ஆறு மைலுக்கு ஒரு குடிசை. ஒரு குடிசையிலிருந்து அடுத்த குடிசை வரைக்கும் ஓர் ஆள் பையைத் தோளில் போட்டுக்கொண்டு ஓடுவான். அங்கே நிற்பவன் வாங்கிக்கொண்டு ஓடுவான்.

கதிர்காமத்தம்பியைப் பற்றி நான் கண்டது 1868ஆம் வருட அறிக்கையில் நான்கு வரி. பையைக் கைவிட்டான், மூன்று மாதம் கடூழியச் சிறை. குரங்குகள் மட்டும் என் கைச்சரக்கு. அதற்கு வேண்டுமானால் மன்னிப்புக் கேட்கிறேன். பெயரை எடுக்க முடியாது தம்பி. பெயரில்லாத சரித்திரம் கட்டுக்கதை ஆகிவிடும்.

ஆனாலும் அந்த வருடத்துக் கட்டுகளில் சில இன்னும் அவிழ்க்கப்படாமல் கிடக்கின்றன. கச்சேரியில் இருப்பவர்கள் என்னை உள்ளே விடுவார்கள். உமக்காக ஒருமுறை பார்க்கிறேன்.

அன்புடன்,
எஸ். நோபேட்


ஓட்டமாவடி.
22.10.1957

மதிப்புக்குரிய ஐயா,

நீங்கள் பார்ப்பதாக எழுதி ஒரு மாதத்துக்கு மேலாகிவிட்டது. பதில் வரவில்லை.

போன கிழமை ஊருக்குப் போனபோது அம்மாவிடம் கேட்டேன். அவ சொன்னதை எழுதுகிறேன். பூட்டன் சிறையில் இருந்த மூன்று மாதமும் அதே றோட்டில்தான் கல் உடைக்க விட்டார்களாம். திரும்பி வந்தபின் சாகும் வரைக்கும் வாவிக்கு வடக்கே கால் வைக்கவில்லையாம். மீன் பிடித்துப் பிள்ளைகளை வளர்த்தாராம். பயந்தவன் குடி என்று சொல்லி அம்மம்மாவுக்கு வந்த முதல் கலியாணப் பேச்சு முறிந்ததாம். "ஏன் தொங்கவிட்டவர்?" என்று கேட்டேன். "அவர் சொல்லல்ல, ஒருத்தரும் கேக்கவுமில்ல" என்றா.

நான் கேட்கிறேன் ஐயா. ஏதாவது காரணம் இருந்திருக்க வேண்டும். அந்தத் துறையை எனக்குத் தெரியும். இப்போது அங்கே ஓடம் இல்லை, தாம்போதி கட்டியிருக்கிறார்கள். ஆற்றின் படுக்கையோடு ஒட்டிய கல்றோட்டு. வெள்ளம் வந்தால் தண்ணீர் அதற்கு மேலால் பாயும். கோடையில் பார்த்தால் ஆடு கடக்கும். மாரியில் பார்த்தவனுக்குத்தான் அது என்னவென்று தெரியும். நீங்கள் மேசையில் இருந்து எழுதுகிறீர்கள். கோபித்துக்கொள்ள வேண்டாம்.

கந்தோரில் பகிடி குறையவில்லை. என்னோடு வானில் பை ஏற்றி இறக்க வருகிறவர் சாமித்தம்பி. கிரான் பக்கத்து ஆள், முப்பத்தைந்து வயது, இரண்டு பிள்ளைக்காரர். வேளாண்மைக்காரர், வட்டைக்குள் ஒன்றரை ஏக்கர் வயல் செய்கிறார், மிச்ச நேரம் இந்த வேலை. அவர் மட்டும்தான் என்னை அந்தப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. நேற்று முத்திரைக்காரனைப் பிடித்து, "உன்ர பூட்டன் எந்தத் துறையை நீந்தினவர், சொல்லு பாப்பம்" என்று கேட்டார்.  எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்தது.

மழை தொடங்கிவிட்டது. தயவுசெய்து பார்த்து எழுதுங்கள்.

க. வல்லிபுரம்


புளியந்தீவு.
04.11.1957

அன்புள்ள தம்பி,

மரித்தோர் திருநாள் வேலைகளால் தாமதம். குறை நினைக்க வேண்டாம்.

கட்டுகளைப் பார்த்தேன். விஷயத்தை மாற்றக்கூடியது ஒன்றும் இல்லை. பை மரத்தில் விடப்பட்டது, ஆள் திரும்பிப் போனார். அது அப்படியேதான் இருக்கிறது.

புத்தகம் அச்சுக்கூடத்துக்குப் போகத் தயாராகிறது. அந்த அத்தியாயத்துக்குத் "துறையில் தொங்கிய தபால்" என்று பெயர் வைத்திருக்கிறேன். என் மகள் பீற்றிஸ் கூட அதைத்தான் முதலில் வாசிக்கக் கேட்டாள். நூறு வருடம் ஆகப்போகிறது தம்பி. மனத்தைத் திடப்படுத்திக்கொள்ளும். ஒரு மனிதன் தன் பூட்டனுக்குப் பதில் சொல்லத் தேவையில்லை.

அன்புடன்,
எஸ். நோபேட்


புளியந்தீவு.
14.01.1958

அன்புள்ள தம்பி வல்லிபுரம்,

இந்த வெள்ளத்துக்குப் பிறகு தபால் மறுபடி ஓடுகிறது என்று இன்றுதான் சொன்னார்கள். எங்கள் வீட்டுக்குள்ளும் முழங்கால் தண்ணீர். கிறிஸ்து பிறந்த நாள் நத்தார்ப் பூசைக்குத் தோணியில் போனவர்கள் இருக்கிறார்கள். நீர் உயிரோடு இருப்பதைப் பத்திரிகையில்தான் அறிந்தேன்.

 கொக்குமடுத் தாம்போதியில் வான் அள்ளுண்டு போனதாம். றைவர் மரக்கொப்பைப் பிடித்துக்கொண்டு ஓர் இரவும் பகலும் இருந்தாராம். மீட்கப்பட்டபோது தபால் பை அவர் கையிலேயே இருந்ததாம். உடன் சென்ற சாமித்தம்பி ஆற்றோடு போய்விட்டாராம். அவருடைய ஆத்துமத்துக்காக நான் மன்றாடினேன். நீர் அவரைப் பற்றி எழுதியது எனக்கு நினைவிருக்கிறது.

மாசியில் உமக்கு நற்சான்றிதழ் வழங்கப் போகிறார்கள் என்றும் வாசித்தேன். தம்பி, புத்தகத்தை நிறுத்தி வைத்திருக்கிறேன். அதற்கு ஒரு கடைசி அத்தியாயம் எழுத வேண்டும். பூட்டன் கைவிட்ட தபாலை அதே துறையில் பூட்டப்பிள்ளை காத்தான். இதைவிட நல்ல முடிவு ஒரு வீதியின் சரித்திரத்துக்குக் கிடைக்குமா? உமது குடிக்கு இருந்த பழியும் தீர்ந்தது. நடந்ததை ஒழுங்காக எழுதி அனுப்பும்.

அன்புடன்,
எஸ். நோபேட்


பெரியகல்லாறு.
26.01.1958

நோபேட் ஐயாவுக்கு,

அந்த அத்தியாயத்தை எழுதாதீங்க. நடந்தது வேற. ஒழுங்கான தமிழில எழுதிப் பாத்தன், வருகுதில்ல. வாறமாதிரி எழுதிறன்.

நத்தாருக்கு ரெண்டு நாளைக்கு முதல். நாலு நாளா மழை விடல்ல. காலம போகக்குள்ள தாம்போதியில கணுக்கால் தண்ணிதான். அங்க தபாலைக் குடுத்து, அந்தப் பக்கத்துப் பையை ஏத்திக்கொண்டு திரும்பி வரக்குள்ள பின்னேரம் மூண்டு மணி இருக்கும். பாதை தெரியிறதுக்காகத் தாம்போதியில ரெண்டு பக்கமும் வெள்ளையடிச்ச தூண் நட்டிருக்கு. அதுகள்ற தலை மட்டும்தான் தெரிஞ்சுது.

சாமித்தம்பி இறங்கி ஒரு கம்பை விட்டு ஆழம் பாத்தான். வந்து சொன்னான், "அண்ணே, வேணாம். தண்ணி இழுக்குது. எனக்குப் பயமாக் கிடக்கு. வானை இஞ்சயே விட்டுட்டு மேட்டில இருப்பம். நாளைக்குப் போனாக் காணும்."

எனக்கும் பயம்தான். ஆனா ஐயா, அந்த நேரம் எனக்குத் தண்ணி தெரியல்ல. கந்தோர்தான் தெரிஞ்சுது. பை வரல்ல எண்டா அவங்க என்ன சொல்லுவாங்க எண்டு காதில கேட்டுது. அதே துறை. அதே மாரி. நான் சொன்னன், "பயமெண்டா நீ இறங்கி நில். தொங்கல் எண்டு கூப்பிடப் போறது என்னைத்தான். உன்னை இல்ல."

அவன் கதவைப் பிடிச்சுக்கொண்டு கொஞ்ச நேரம் நிண்டான். மறுகா ஏறிக் குந்தினான். ஏறினாப் பிறகும் ஒருக்காச் சொன்னான், "வேணாம் அண்ணே" எண்டு. நான் கியரைப் போட்டன்.

பாதித் தூரத்தில எஞ்சின் நிண்டுது. நிண்ட உடன நான் செய்த முதல் வேலை, பையை எடுத்து அதுட வாரை என்ர இடக்கை மணிக்கட்டில சுத்தினது. வான் சரிஞ்சு, தூணை முறிச்சுக்கொண்டு கீழ போச்சு. எப்பிடி வெளிய வந்தனெண்டு தெரியாது. ஒரு கொப்பு வலக்கைக்கு வந்துது. சாமித்தம்பி எனக்குக் கிட்ட ஒருக்கா வந்தான். கையை நீட்டினான். என்ர ஒரு கை கொப்பில. ஒரு கை பையில. வாரை அவிழ்த்து விட்டிருந்தா எட்டியிருக்குமெண்டு நினைக்கிறன். எட்டியிருக்காதெண்டும் சில நாள் நினைக்கிறன். நான் அவிழ்க்கல்ல. அவன் கூப்பிடவுமில்ல, ஏசவுமில்ல. கையை மட்டும் நீட்டினான்.

மூணு நாளைக்குப் பிறகுதான் அவன்ர உடம்பை எடுத்தாங்க.

பையைக் கந்தோரில அவிழ்த்தாங்க. முக்கால்வாசி நத்தார் வாழ்த்து அட்டை. மையெல்லாம் கரைஞ்சு ஒண்டோட ஒண்டு ஒட்டிக் கிடந்தது. விலாசம் வாசிக்க ஏலுமாயிருந்தது நாலே நாலுக்கு.

விசாரணைக்கு வந்தவர் கேட்டார், "ரெண்டு பேரும் யோசிச்சா போனீங்க?" நான் ஓம் எண்டன். "அவர் மறிக்கல்லையா?" எண்டு கேட்டார். இல்ல எண்டன். முத்திரைக்காரன் வந்து என்ர கையைப் பிடிச்சு, "இனி உன்னை ஒருத்தனும் தொங்கல் எண்டு கூப்பிடான்" எண்டான். ஐயா, எனக்கு அந்த நேரம் சந்தோசம் வந்தது. ஆள் செத்து ஏழாம் நாள். எனக்குச் சந்தோசம் வந்தது. அதை நினைச்சாச் சோறு இறங்குதில்ல.

பூட்டன் பையைத் தொங்கவிட்டுட்டுத் திரும்பிப் போனார். அவரோட வந்து ஒருத்தரும் சாகல்ல. இதை எழுதுவீங்களா உங்கட கடைசி அத்தியாயத்தில?

வல்லிபுரம்


புளியந்தீவு.
02.02.1958

தம்பி வல்லிபுரம்,

உமது கடிதம் வந்து நான்கு நாளாகிறது. இந்தப் பதிலை மூன்று தரம் எழுதிக் கிழித்தேன்.

போன செப்டெம்பர் 27ஆம் திகதி, உமக்கு வாக்களித்தபடி கட்டுகளை அவிழ்த்தேன். நான்காவது கட்டில் ஒரு காகிதம் இருந்தது. அங்கேயே இருந்து பார்த்தெழுதி வீட்டுக்குக் கொண்டுவந்தேன். அன்றிலிருந்து அது என் மேசையில் இருக்கிறது. அதை அப்படியே கீழே எழுதுகிறேன்.

"மகா கனம் பொருந்திய துரையவர்கள் சமூகத்துக்குத் தபாலோட்டக்காரன் கதிர்காமத்தம்பி தாழ்மையாய் எழுதிக்கொள்ளும் விண்ணப்பம். கொக்குமடுத் துறையிலே இருந்த ஓடம் உடைந்து இரண்டு வருஷமாய் வேறு ஓடம் இல்லை. மாரிக்காலத்திலே பையைத் தலையில் வைத்து நீந்திக் கடக்கிறோம். சென்ற கார்த்திகை மாசம் என்னோடு ஓடின வேலாப்போடி ஆற்றோடு போனான். பையும் போனது. அவன் பெண்சாதிக்கு ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை. ஓடம் ஒன்று தரும்படி இரண்டு தரம் வாயால் கேட்டேன். துரையவர்களே, நான் ஓட மாட்டேன் என்று சொல்லவில்லை. கோடையிலே ஓடுவேன். காட்டிலே ஆனை நின்றாலும் ஓடுவேன். வெள்ளத்திலே அந்தத் துறையைக் கடக்க எனக்குப் பயமாயிருக்கிறது. எனக்கு மூன்று பிள்ளைகள். ஓடம் தரும் வரைக்கும் வெள்ள நாளிலே பையைப் பத்திரமாய் உயரத்தில் வைத்துவிட்டுத் தண்ணீர் வடியக் காத்திருக்க உத்தரவு தரவேண்டும்."

ஓரத்தில் அக்காலத்து வீதிப் பொறுப்பதிகாரி சிவப்பு மையில் இரண்டு வரி எழுதியிருக்கிறார். ஓடம் தேவையில்லை. விண்ணப்பதாரி ஒரு கோழை.

விண்ணப்பம் ஐப்பசியில் எழுதியது. பை மரத்தில் தொங்கியது அந்த மார்கழியில். ஒன்பது நாளும் வெள்ளம் வடியவில்லை என்று அதே கட்டில் இருக்கிறது.

நீர் ஒக்டோபரில் மறுபடியும் கேட்டீர். நான் "ஒன்றும் இல்லை" என்று எழுதவில்லை. "விஷயத்தை மாற்றக்கூடியது ஒன்றும் இல்லை" என்று எழுதினேன். முப்பத்தொரு வருடம் கந்தோரில் இருந்தவன் பொய்யை இப்படித்தான் எழுதுவான்.

ஏன் மறைத்தேன் என்று கேட்பீர். பெரிய காரணம் ஒன்றும் கிடையாது. அது எல்லாரும் சிரித்த அத்தியாயம். என் வாழ்நாளில் நான் எழுதிய எதற்கும் யாரும் சிரித்ததில்லை, அழுததுமில்லை. நான் எழுதியவை எல்லாம் கந்தோர்க் கோவைகளுக்குள் போனவை. இந்த விண்ணப்பத்தைச் சேர்த்தால் அந்தச் சிரிப்புப் போய்விடும். புத்தகம் வந்தபிறகு இரண்டாம் பதிப்பில் சேர்க்கலாம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

இதை நான் ஒக்டோபரில் அனுப்பியிருந்தால் நீர் அதைக் கந்தோரில் வாசித்துக் காட்டியிருப்பீர். உமக்கு அந்தப் பெயர் இருந்திராது. மார்கழியில் நீர் வானை மேட்டில் விட்டிருப்பீர். இதை நான் தெரிந்துகொண்டே எழுதுகிறேன். பாவசங்கீர்த்தனத்தில் சுவாமியாரிடம் சொன்னேன். "இதைக் கேட்க வேண்டியவர் நானல்ல" என்றார்.

புத்தகத்தை நிறுத்திவிட்டேன். அச்சுக்கூடத்திலிருந்து கையெழுத்துப் பிரதியைத் திருப்பி எடுத்துவிட்டேன்.

நோபேட்


பெரியகல்லாறு.
09.03.1958

நோபேட் ஐயாவுக்கு,

உங்கட கடிதத்தை வாசிச்ச அண்டைக்கு நான் உங்கட வீட்டுக்கு வரத்தான் வெளிக்கிட்டன். கல்லடிப் பாலம் வரைக்கும் வந்தன். வந்து என்ன செய்யப் போறனெண்டு எனக்கே தெரியாமக் கிடந்தது. அதனால கிறுகித் திரும்பிப் போயிட்டன். நல்லது.

விண்ணப்பத்தை அம்மாவுக்கு வாசிச்சுக் காட்டினன். அவ மூணு பிள்ளை எண்ட இடத்தை மட்டும் திரும்ப வாசிக்கச் சொன்னா. அதில ஒண்டு அவவைப் பெத்தவ.

மறுகா ரெண்டு காரியம் செய்தன்.

ஒண்டு, மேலதிகாரிக்கு எழுதிக் குடுத்தன். விசாரணையில நான் சொன்னது பொய், சாமித்தம்பி மறிச்சவர், நான்தான் கேக்கல்ல எண்டு. நற்சான்றிதழ் இல்லையெண்டு ஆச்சு. வேலையிலயிருந்து நிப்பாட்டி வச்சிருக்காங்க. திரும்ப எடுப்பாங்களோ தெரியாது. அன்னப்பூரணி முதல் ரெண்டு நாள் கதைக்கல்ல. மூணாம் நாள், "நீங்க ராவில பிதற்றுறது நிண்டிட்டுது, அது காணும்" எண்டா.

ரெண்டாவது, கிரானுக்குப் போனன். ஹலீம் காக்கா கூட வாறன் எண்டார். வேணாமெண்டு தனியப் போனன். சாமித்தம்பியின்ர பெண்சாதி இராசாத்தி நனைஞ்ச நெல்லை முற்றத்தில பரப்பிக்கொண்டு நிண்டா. நான் நிண்ட நிலையிலயே எல்லாத்தையும் சொன்னன். கையை நீட்டினதையும் சொன்னன். அவ நெல்லைக் கிளறுறதை நிப்பாட்டல்ல.

முடிய விட்டுக் கேட்டா, "வேணாமெண்டு எத்தினை தரம் சொன்னவர்?"

"ரெண்டு தரம்" எண்டன்.

"பிறகேன் ஏறினவர்?"

"என்னைத் தனிய விட ஏலாம ஏறினவர். வேற காரணம் இல்ல."

அவ நெல்லில இருந்து கையை எடுத்தா. மறுகாதான் சொன்னா. நத்தார்க் காலமெண்டபடியா சாமித்தம்பி குடிவெறியில இருந்தது, வெறியிலதான் தண்ணிக்குள்ள வானை விடச் சொன்னது எண்டு ஊருக்குள்ள கதையாம். பள்ளிக்கூடத்தில பிள்ளையளுக்கும் சொல்லுறாங்களாம். "நீங்க இஞ்ச வந்து எனக்குச் சொல்லி என்ன? எனக்குத் தெரியும் அவரை. எழுதுங்க. நாலு பேர் வாசிக்கிறமாதிரி எழுதுங்க, அவர் வேணாமெண்டவர் எண்டு."

அதனாலதான் இந்தக் கடிதம். எனக்கு எழுத வராது. உங்களுக்கு வரும். புத்தகத்தை நிப்பாட்டினதா எழுதியிருந்தீங்க. அது உங்களுக்கு நீங்க குடுத்த தண்டனை. அதால அவவுக்கு ஒண்டுமில்ல. எழுதுங்க. பூட்டன்ர விண்ணப்பத்தை முழுசாப் போடுங்க. அந்த வேலாப்போடி பேரையும் போடுங்க. சாமித்தம்பி சொன்னதைப் போடுங்க, நான் சொன்னதையும் போடுங்க. என்ர பேரை எடுக்க வேணாம்.

உங்களை மன்னிச்சிட்டனெண்டு எழுத இப்ப என்னால ஏலாது. என்னையே ஒருத்தரும் இன்னும் மன்னிக்கல்ல.

வல்லிபுரம்


புளியந்தீவு.
30.03.1958

அன்புள்ள தம்பி வல்லிபுரம்,

எழுதினேன். மொத்தம் பதினோரு பக்கம். பட்டாளத்துக்கு வெட்டிய வீதி, ஓடம் இல்லாத துறை, வேலாப்போடி, உமது பூட்டனின் விண்ணப்பம், பிறகு போன மார்கழி. என் பங்கையும் எழுதியிருக்கிறேன். அந்தப் பக்கத்தைப் பீற்றிஸ் வாசித்துவிட்டு, "பப்பா, இது வேணுமா?" என்று கேட்டாள். வேண்டும் என்றேன்.

அச்சுக்குக் கொடுக்கும் முன்னர் இராசாத்தியிடம் வாசித்துக் காட்டவேண்டும் என்று தோன்றியது. அவவுக்கு எழுத்துத் தெரியாது என்று விசாரித்து அறிந்தேன். நேற்றுக் காலை பஸ்ஸில் கிரானுக்குப் போனேன். உம்மையும் வரும்படி தந்தி கொடுத்திருந்தேன். பஸ் நிற்கும் இடத்தில் ஒரு மணித்தியாலம் காத்திருந்தேன். நீர் வரவில்லை. அதை நான் குற்றமாக எடுக்கவில்லை.

இராசாத்தி பாய் போட்டு என்னை இருத்தினா. பிள்ளைகள் இரண்டும் பக்கத்தில் வந்து இருந்தன. தாம்போதியில் நடந்ததை மட்டும் வாசித்தேன். சாமித்தம்பியின் வாயில் நான் ஒரு வசனம் வைத்திருந்தேன். "நிலைமை அபாயகரமாக உள்ளது என அவர் எச்சரித்தார்" என்று. அவருக்கு மரியாதையாக இருக்கட்டும் என்று எழுதியது.

அவ கையை உயர்த்தி நிற்பாட்டினா. "அப்பிடிக் கதைக்கிற மனிசன் இல்ல அவர்" என்றா. "உள்ளபடி என்ன சொன்னவர்?"

உமது கடிதத்தை எடுத்து, நீர் எழுதியிருந்தபடியே வாசித்தேன். எனக்குப் பயமாக் கிடக்கு என்ற இடம் வந்ததும், "ஓம், அதான் அவர்" என்றா. "அதைப் போடுங்க."

"பயந்தவர் என்று வந்துவிடுமே, பிள்ளைகள் வாசிப்பார்களே" என்றேன்.

"வாசிக்கட்டும்" என்றா. "தண்ணியைக் கண்டாப் பயப்படத்தானே வேணும்."

என் வசனத்தை அவவுக்கு முன்னாலேயே பென்சிலால் வெட்டினேன். அதற்குமேல் அவ எதையும் திருத்தச் சொல்லவில்லை. நீர் வாரை அவிழ்க்காத இடத்தை வாசித்தபோது எழும்பி உள்ளே போனா. கொஞ்ச நேரம் கழித்து வந்து, மிச்சத்தை வாசிக்கச் சொன்னா.

நான் புறப்படும்போது, "றைவர் ஏன் வரல்ல?" என்று கேட்டா. எனக்குத் தெரியாது என்றேன்.

"வேலையும் இல்லையாமே அந்தாளுக்கு."

இல்லை, நிற்பாட்டி வைத்திருக்கிறார்கள் என்றேன்.

அவ வேலிக்கு அப்பால் வட்டைப் பக்கம் பார்த்துக்கொண்டு சொன்னதை ஒரு சொல்லும் மாற்றாமல் எழுதுகிறேன். "வெள்ளத்துக்குத் தப்பினது அரை ஏக்கர் நெல். முத்திக் கொட்டுது. வெட்ட ஆளில்ல. சும்மாதானே இருக்கிறார், திங்கட்கிழமை விடிய வரச் சொல்லுங்க. கத்தி இஞ்ச இருக்கு."

 நாளைதான் திங்கள். ஆகவே இந்தக் கடிதத்தைத் தபாலில் போடவில்லை. பீற்றிஸின் கணவன் தோமஸ் இன்று பின்னேரம் சைக்கிளில் உம்மிடம் கொண்டு வருவார்.

நோபேட்